அண்ணன் கழற்றிய பூட்ஸ்

சென்னை
12-8-1943

அன்புள்ள கனகாம்பாளுக்கு, தில்லைநாயகம் ஆசியுடன் எழுதுவது. என் உடம்புக்குக் குறைவில்லை. உன் இருமல் நின்றதா? சிதம்பரத்தில் மழை உண்டா?

போன செவ்வாயன்று உன் அண்ணன் அம்பலம் குமராட்சியிலிருந்து ஸ்டுடியோவுக்கே வந்திருந்தார். ஏழு வருஷமாகக் காவலாளி, வைத்தியர் என்று படங்களில் ஓரமாக நின்ற எனக்கு, இந்த யுத்தப் படத்தில்தான் பேசும் வேஷம் கிடைத்திருக்கிறது. ஜெர்மன் அதிகாரி வேஷம். முகமெல்லாம் வெள்ளைப் பவுடர். அண்ணனுக்கு முதலில் அடையாளமே தெரியவில்லை. தெரிந்ததும், பழுப்பேறிய வேட்டியும் தோளில் மூட்டையுமாகச் சிரித்துக்கொண்டே ஓடிவந்தார்.

"யாரய்யா இது?" என்றார் டைரக்டர்.

நான் பெரிய மிராசு வீட்டுப் பிள்ளை என்று அவரிடம் அளந்து வைத்திருந்தேன். "எங்க பண்ணையாளுங்க" என்று சொல்லிவிட்டேன்.

அண்ணன் காதில் விழுந்துவிட்டது. குனிந்து, என் காலைக் கடித்துக்கொண்டிருந்த பூட்ஸைக் கழற்றினார். "வலிக்குதுங்களா?" என்று கேட்டார். அதுவரை என்னை 'மாப்ள' என்று மட்டுமே கூப்பிட்டவர். நீ கொடுத்த முறுக்கை வைத்துவிட்டு, சாப்பிடக்கூட நிற்காமல் ரயிலேறிவிட்டார்.

உன்னிடம், "மாப்ள நல்லாருக்காரு" என்றுதான் சொல்லியிருப்பார். அதை நினைத்தால் எனக்கு முகம் எரிகிறது. இந்தக் கடிதத்தை அவர் எதிரில் ஒரு வரி விடாமல் படி.

நார்த்தங்காய் ஊறுகாயும் என் பழைய போர்வையும் வேண்டும். மேக்கப்புக்குக் கூப்பிடுகிறார்கள். அண்ணன் சம்மதித்தால் அவர் கையிலேயே கொடுத்தனுப்பு. யாரென்று கேட்டால் நானே முன்வந்து சொல்கிறேன், என் மச்சான் என்று.

தில்லைநாயகம்