கன்னிப்பெட்டிக்கு ஒரு துணி

உ

கல்லிடைக்குறிச்சி
22.6.2025

அன்பு மகள் கெசியாவுக்கு,

தனலட்சுமியோட அம்மா மாரிக்கண்ணு எழுதுதது. நீயும் உங்க வீட்ல அம்மா அப்பாவும் சொகமா இருக்கணும். என் சொகத்தைப் பத்தி எழுத ஒண்ணும் இல்ல.

போன புரட்டாசியில என் பிள்ளை டெங்கு காய்ச்சல்ல போனப்ப, பள்ளிக்கூடத்து வேன்ல நீங்க எல்லாரும் வந்தீங்க. என் தலையை மடியில வச்சிக்கிட்டு இருந்தது நீதான்னு பிறகு சொன்னாவ. எனக்கு அன்னைக்கு யாரு மடின்னு தெரியலை. உன் வீட்டு விலாசம் அவ நோட்டுல இருந்துது. போன் பண்ணுன்னுதான் எங்க அண்ணன் சொன்னாரு. போன்ல அவ பேரை எடுத்தா அழுதுருவேன். எழுதுனா அழுதுக்கிட்டே எழுதலாம், உனக்குக் கேக்காது. நான் அஞ்சாவது வரைக்கும்தான் படிச்சேன். பிழை இருந்தா பொறுத்துக்கோ.

விஷயம் இதுதான். நீங்க சர்ச்சுக்குப் போற வேதக்காரங்க, உங்களுக்கு இது தெரியாது. எங்க ஆட்கள்ல கல்யாணம் ஆகாம ஒரு பொம்பளப் பிள்ளை செத்துட்டா அவ வீட்டுக் கன்னி ஆயிருவா. அவளுக்குன்னு ஒரு ஓலைப்பெட்டி வாங்கி, புதுப் பாவாடை, வளையல், சீப்பு, கண்ணாடி எல்லாம் வச்சு, உத்தரத்துல கட்டித் தொங்க விடுவோம். வருஷா வருஷம் இறக்கிப் புதுத்துணி மாத்தி, பேர் சொல்லிக் கூப்பிட்டுக் கும்பிடணும். அவளுக்குப் பிடிச்ச துணியா இருக்கணும். பிடிக்காததை வச்சா பெட்டியில தங்க மாட்டா, அலைவான்னு எங்க அண்ணன் சொல்லுதாரு. ஆடி கடைசி வெள்ளியில முதல் பெட்டி வைக்கப் போறோம்.

அவளுக்கு என்ன கலர் பிடிக்கும்னு எனக்குத் தெரியலை மகளே. பெத்தவளுக்குத் தெரியாதான்னு நினைக்காதே. அவ அப்பா போன பிறகு, ஆறாவதுலயே ஆஸ்டல்ல விட்டுட்டேன். நான் அப்பளக் கம்பெனிக்குப் போனாத்தான் அடுப்பு எரியும். லீவுக்கு வரும்போது பாவாடை எடுத்துக் குடுத்தா ஒரு நாள் உடுத்துவா, மடிச்சு வச்சிருவா. பிடிச்சிருக்கான்னு கேட்டா 'ம்'ம்பா. அவ்வளவுதான். கூட இருந்த பிள்ளைகளுக்குத் தெரிஞ்சிருக்கும். கேட்டு எழுது.

இன்னொண்ணு. அவ ஆஸ்டல் பெட்டியை இத்தனை மாசம் கழிச்சு இப்பதான் திறந்தேன். அதுல ரெண்டு ஆம்பளச் சட்டை இருந்துது. ஒண்ணு நீலக் கட்டம், ஒண்ணு வெள்ளை. யாரோட பொருளோ தெரியலை. சொன்னா குடுத்து விட்டிருதேன். எவனாவது பையனோட பழகினாளோன்னு ஒரு சந்தேகம். இருந்தாலும் இனி யாரை வைய? தைரியமா எழுது.

அம்மா அப்பாவைக் கேட்டதாச் சொல்லு.

மாரிக்கண்ணு


பாளையங்கோட்டை
30.6.2025

அன்புள்ள அம்மாவுக்கு,

கெசியா எழுதுகிறேன். உங்கள் கடிதம் வந்து ஆறு நாள் ஆகிறது. நாலு முறை பதில் எழுதிக் கிழித்துவிட்டேன். மயில் கழுத்துப் பச்சை பிடிக்கும் என்று ஒரு பொய் எழுதி, உறையை ஒட்டி, தபால்பெட்டி வரைக்கும் கொண்டுபோனேன். பிடிக்காததை வைத்தால் தங்க மாட்டாள் என்று நீங்கள் எழுதியிருந்தது ஞாபகம் வந்தது. போடாமல் திரும்பி வந்துவிட்டேன்.

அந்தச் சட்டைகள் வேறு யாருடையதும் இல்லை அம்மா. உங்கள் பிள்ளையுடையதுதான். நீலக் கட்டம் போட்டதை நானும் அவனும் டவுனுக்குப் போய் வாங்கினோம். 'அவன்' என்று தெரிந்தேதான் எழுதுகிறேன்.

எங்கள் பள்ளியில் தோழமை மன்றம் என்று ஒன்று இருக்கிறது. டார்லின் டீச்சர் ஹெச்.எம்.மிடம் அனுமதி வாங்கி ஆரம்பித்தது. வியாழக்கிழமை நாலு மணிக்கு நூலகத்துக்குப் பின்னால் இருக்கிற அறையில் கூடுவோம். பெண் உடம்போடு பிறந்தும் மனசில் ஆணாக இருக்கிறவர்கள் வருவார்கள். பெண்ணைப் பிடித்துப்போன பெண்கள் வருவார்கள். தான் யார் என்று இன்னும் சொல்லத் தெரியாதவர்களும் வருவார்கள். என்னைப் போல அப்படி எதுவும் இல்லாமல், அவர்கள் பக்கத்தில் உட்காருவதற்காக மட்டும் வருகிறவர்களும் உண்டு. மொத்தம் பதினோரு பேர். யாரும் யாரையும் கேலி செய்யக் கூடாது, அங்கே கேட்டதை வெளியே சொல்லக் கூடாது. இன்றைக்கு நான் சொல்கிறேன்.

அங்கே உங்கள் பிள்ளையின் பெயர் சுந்தர். அவனே வைத்துக்கொண்ட பெயர். யூனிபார்ம் சுடிதாருக்கு மேலே அந்த வெள்ளைச் சட்டையைப் போட்டுக்கொண்டு ஒரு மணி நேரம் உட்கார்ந்திருப்பான். பிறகு கழற்றி, மடித்து, பையில் வைத்துக்கொண்டு ஆஸ்டலுக்குப் போய்விடுவான். வகுப்பில் வாயே திறக்காதவன், அந்த அறைக்குள் வந்தால் எங்களைப் பேச விட மாட்டான். எல்லாரையும் 'ஏலே'தான். ஒரு நாள் டீச்சரையே 'ஏலே' என்று கூப்பிட்டுவிட்டு நாக்கைக் கடித்தான். டீச்சர் திரும்பிப் பார்த்து, "என்னலே?" என்றார்கள். அன்றைக்கு நாங்கள் சிரித்த சிரிப்பில் நூலகத்து அம்மா வந்து கதவைத் தட்டிவிட்டார்கள்.

என்ன வைக்க வேண்டும் என்று சொல்ல எனக்கு உரிமை இல்லை. நீங்கள் கேட்டீர்கள், அதனால் சொல்கிறேன். அவனுக்குப் பிடித்தது அந்த நீலக் கட்டம்.

உங்களுக்காக ஜெபிக்கிறேன்.

கெசியா


கல்லிடைக்குறிச்சி
5.7.2025

கெசியா,

உன் கடிதாசியைக் கம்பெனியில வச்சுப் பிரிச்சேன். கலர்தானே எழுதியிருப்பேன்னு நினைச்சு, கூட வேலை பாக்குத ஜமீலா பீவி கையில, "கண்ணு மங்குதுக்கா, சத்தமா வாசிங்க"ன்னு குடுத்துட்டேன். எல்லாரும் கேக்கட்டும், என் பிள்ளையைப் பத்தி ஒருத்தி எழுதியிருக்கான்னு ஒரு பெருமை. அவுக பாதி வாசிச்சிட்டு நிறுத்திட்டாவ. "வீட்டுல போயி நீயே வாசி மாரி"ன்னு மடிச்சு என் கையில திணிச்சாவ. அத்தனை பேரும் உருட்டுத கட்டையை நிறுத்திட்டு என்னையே பாத்தாளுவ.

நாலு வாட்டி வாசிச்சேன். ஏட்டி, செத்த பிள்ளையைப் பத்தி இப்படி எழுத உனக்கு எப்படிக் கை வந்துது? 'பொய்யி'ன்னு சொல்ல அவ எந்திரிச்சு வரவா போறா? நான் பெத்துக் குளிப்பாட்டுன உடம்பு. கடைசியாவும் நான்தான் மஞ்ச தேச்சுக் குளிப்பாட்டுனேன். எனக்குத் தெரியாததா உனக்குத் தெரிஞ்சிட்டு? படிக்க விட்ட இடத்துல ரூமுக்குள்ள உக்கார வச்சு, நான் வச்ச பேரை மாத்தியிருக்காவ. பெத்தவகிட்ட ஒரு வார்த்தை கேட்டாளா அந்த டீச்சர்?

எங்க அண்ணன் இசக்கிதுரைகிட்ட உன் கடிதாசியைக் குடுத்துட்டேன். "பிள்ளைகளைக் கெடுக்குத இந்தக் கூட்டத்தை மூட வைக்காம விட மாட்டேன்"ன்னு மனு எழுதியிருக்காரு. உன் கடிதாசியையும் சேத்துப் பின் அடிச்சாச்சு. நானும் கையெழுத்துப் போட்டுட்டேன். திங்கட்கிழமை உங்க பள்ளிக்கூடத்துக்கு வாராரு.

அந்தச் சட்டை ரெண்டையும் எரிக்கத்தான் எடுத்தேன். தீப்பெட்டி நமத்துக் கிடந்துது. பரண்ல தூக்கிப் போட்டிருக்கேன்.

இனிமே எனக்கு எழுதாதே.

மாரிக்கண்ணு


பாளையங்கோட்டை
14.7.2025

அன்புள்ள அம்மாவுக்கு,

எழுத வேண்டாம் என்றீர்கள். இந்த ஒன்றை மட்டும் எழுதிவிடுகிறேன்.

உங்கள் அண்ணன் வந்தார்கள். ஹெச்.எம். என்னை அறைக்குக் கூப்பிட்டு என் கடிதத்தை என்னையே வாசிக்கச் சொன்னார்கள். அன்றே மன்றத்து அறையைப் பூட்டிவிட்டார்கள். டார்லின் டீச்சர் எங்கள் வகுப்புக்கு வருவதில்லை, விளக்கம் எழுதிக் கொடுக்கச் சொல்லியிருக்கிறார்களாம். எங்கள் வீட்டுக்கும் தெரிந்துவிட்டது. எங்கள் அம்மா மூன்று நாளாக என்னோடு பேசவில்லை. நான் அப்படிப்பட்டவள் இல்லை, பக்கத்தில் உட்காரத்தான் போனேன் என்று சொன்னேன். சொல்லிவிட்டு எனக்கே வெட்கமாக இருந்தது, யாரையோ விட்டுவிட்டு ஓடி வந்த மாதிரி.

வியாழக்கிழமை நாலு மணிக்கு, ஒன்பதாம் வகுப்புப் பிள்ளை ஒன்று அந்தப் பூட்டின கதவுக்கு முன்னால் பையை மாட்டிக்கொண்டு நின்றது. பெயரை எழுத மாட்டேன், இந்தக் கடிதம் யார் கைக்குப் போகும் என்று எனக்குத் தெரியாது. "அக்கா, இனி எங்க போக?" என்று கேட்டது.

டீச்சர் உங்களிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை என்று எழுதியிருந்தீர்கள். அதற்குத்தான் இந்தக் கடிதம்.

மன்றத்தில் ஒரு பழக்கம். வீட்டில் சொல்லப் பயமாக இருக்கிறவர்கள் முதலில் எங்களிடம் சொல்லிப் பார்ப்பார்கள். ஒருத்தர் அம்மாவாக உட்காருவோம். சுந்தருக்கு எப்போதும் நான்தான் நீங்கள். முதல் தடவை நான் தலையில் அடித்துக்கொண்டு அழுதேன். அவன் நிறுத்திவிட்டான். "ஏலே, எங்க அம்மாவை என்னன்னு நினைச்ச? அவ இப்படி ஆட்டம் காட்ட மாட்டா. ஒண்ணும் பேச மாட்டா. குனிஞ்ச தலை நிமிராம அப்பளம் உருட்டிக்கிட்டே இருப்பா. பத்து அப்பளம் போகும். பிறகு, சோறு ஆறுது எந்திரிம்பா. அவ்வளவுதான்லே. நீ அதைச் செய்" என்றான்.

நான் அதைச் செய்தேன். ஆறேழு வியாழக்கிழமை செய்திருப்பேன். தீபாவளி லீவில் அவனே உங்களிடம் சொல்வதாக இருந்தான். அதற்குள் காய்ச்சல் வந்துவிட்டது.

இனி எழுத மாட்டேன்.

கெசியா


உ

கல்லிடைக்குறிச்சி
17.8.2025

மகள் கெசியாவுக்கு,

மகள்னு கூப்பிட எனக்கு இன்னும் பாத்தியதை இருக்கான்னு தெரியலை. ஒரு மாசமா எழுத உக்காருதேன், எந்திரிச்சிருதேன்.

முதல்ல ஒண்ணைச் சொல்லிருதேன். அவன் சொன்ன மாதிரி அம்மா இல்ல நான். அவன் வந்து சொல்லியிருந்தா, கையில இருந்த கட்டையாலயே அடிச்சிருப்பேன். தெருவே கூடியிருக்கும். அண்ணனைக் கூட்டிக்கிட்டு ஏதாவது கோயில்ல கொண்டுபோயி வேப்பிலை அடிச்சிருப்பேன். படிப்பை நிறுத்தியிருப்பேன். எனக்கு என்னையத் தெரியும். சோறு ஆறுதுன்னு சொல்லுத அந்த அம்மா எங்க இருந்து வந்தான்னுதான் எனக்குப் பிடிபடலை. அந்தப் பிள்ளை என்னைய அப்படி நினைச்சுக்கிட்டே போயிருக்கு. அதை வாசிச்ச அன்னைக்கு, அது மறுபடி செத்த மாதிரி இருந்துது. இன்னும் எனக்கு அது தெளியலை.

ஆடி மூணாம் வெள்ளி கழிஞ்ச திங்கட்கிழமை, கம்பெனிக்கு லீவு சொல்லிட்டு உங்க பள்ளிக்கூடத்துக்குப் போனேன். நீ கிளாஸ்ல இருந்திருப்ப. ஹெச்.எம். அம்மாகிட்ட, "அந்த மனுவைத் தந்திருங்க, கையெழுத்துப் போட்டவ நான்தான்"னேன். நல்ல விதமாத்தான் பேசினாவ. தண்ணி குடுத்தாவ. "மேல அனுப்பியாச்சும்மா. இனி உங்க கையிலயும் இல்ல, என் கையிலயும் இல்ல"ன்னாவ. அப்ப நான் இன்னொரு மனு எழுதித் தாரேன்னேன். தாள் தந்தாவ. அங்கனயே உக்காந்து எழுதினேன். 'என் பிள்ளைக்கு அந்த ரூம்ல ஒரு கெடுதலும் நடக்கலை. அது அங்கதான் சிரிச்சிருக்கு. நான் அவசரப்பட்டுக் கையெழுத்துப் போட்டுட்டேன். பூட்டைத் திறந்து விடுங்க, டீச்சரம்மாவை ஒண்ணும் செய்யாதீங்க.' வாங்கி மேசையில வச்சாவ. என்ன செய்வாவளோ.

வெளிய வந்து, அந்த ரூம் எதுன்னு பெருக்குத அம்மாகிட்ட கேட்டுப் போனேன். பூட்டு கிடந்துது. இழுத்துப் பாத்தேன். கை வச்சா திறந்துருமா என்ன? இருந்தாலும் இழுத்துப் பாத்தேன்.

முந்தாநாள் பெட்டி வச்சோம். அண்ணன் பச்சைப் பட்டுப்பாவாடை எடுத்துட்டு வந்திருந்தாரு. நான் நீலக் கட்டத்தைத் தேய்க்கக் குடுத்து வாங்கி வச்சிருந்தேன். அதைத்தான் பெட்டியில வச்சேன். வளையல் வைக்கலை. "கன்னிக்கு ஆம்பளச் சட்டையா? அதுவும் உடுத்துன சட்டை! உனக்குக் கிறுக்கா பிடிச்சிருக்கு?"ன்னு கத்தினாரு. "பிடிக்காததை வச்சா தங்காதுன்னு சொன்னது நீங்கதானே அண்ணே"ன்னேன். பாவாடையைச் சுருட்டி எடுத்துக்கிட்டு, இலை போட்டும் உக்காராம போயிட்டாரு. அவரு இல்லன்னா எனக்கு யாரும் இல்ல. அதுவும் தெரிஞ்சுதான் செஞ்சேன்.

பேர் சொல்லிக் கூப்பிடணும். தனம்னு கூப்பிட வாய் வரலை. சுந்தர்னு கூப்பிட வெக்கமா இருந்துது, எனக்குச் சொல்லாத பேரை நான் எப்படி எடுக்க? பிறகு, "ஏ மக்கா"ன்னு கூப்பிட்டேன். வந்துச்சா வரலையான்னு எனக்குத் தெரியாது. கன்னியாக் கும்பிடவா, வேற எப்படிக் கும்பிடன்னும் எங்க ஆட்கள்ல யாருக்கும் தெரியாது. பெட்டியைக் கட்டிட்டேன்.

உன் கடிதாசியை நாலு பேர் பாக்கக் குடுத்தவ நான். உன்னையும் உங்க அம்மாவையும் பேச்சில்லாம ஆக்குனவ. நீ கோவமா இருந்தா இரு. என் மேல பிரியமா ஒண்ணும் எழுத வேண்டாம். ஒரு கார்டுல ஒரு வரி போதும்.

அந்த ஒன்பதாம் வகுப்புப் பிள்ளை. பேரு வேண்டாம். யார் வீட்டுப் பிள்ளைன்னும் வேண்டாம். வியாழக்கிழமை நாலு மணிக்கு அது இப்ப எங்க போகுது?

மாரிக்கண்ணு