புளிப்பத்து

மே 15, சனி

கத்திரி வெயில். காலை ஆறு மணிக்கே டென்னிஸ் கோர்ட் சுடுகிறது. ராத்திரி படிந்த சிமெண்ட் தூசியைக் கூட்டித் தள்ளவே அரை மணி. பந்தெல்லாம் சாம்பல் நிறம்.

வாங்க வேண்டியவை: கிரிப், குளுக்கோஸ், வெள்ளை சாக்ஸ். நூலகப் புத்தகம் கெடு தாண்டிவிட்டது. இன்னும் முப்பது பக்கம்.

மதியம் பிரமிளா வந்துவிட்டாள். ஒரு வாரம் எங்கள் வீட்டில்தான். அவள் ஊர் வேப்பந்தட்டையில் கோர்ட் கிடையாது. தில்லி டோர்னமென்ட்டில் சிமெண்ட் தரை; எங்கள் அரியலூர் ஃபாக்டரி காலனியிலும் அதுவே. அவள் இங்கே ஹாஸ்டலில் படித்த காலத்திலிருந்து எங்கள் இருவருக்கும் அப்பாதான் கோச். ஃபாக்டரி ஸ்டோரில் ஷிஃப்ட் வேலை, டியூட்டி இல்லாத நேரம் கோர்ட். நான் அவளுக்கு ஒரு வருடம் முன்னால் ஆரம்பித்தவள். இதை எழுதாமல் இருந்திருக்கலாம்.

பி.யின் பையில் ஆறு ராக்கெட். ஆறும் ஒரே மாதிரி.

பிரவுசிங் சென்டரில் தில்லிப் பட்டியல் பார்த்தேன். மெயின் டிராவில், தகுதிச் சுற்று ஆடாமலே, நேரடியாக பி. பட்டியலுக்கு வெளியே, உலக ரேங்க் இல்லாதவர்களைத் தேசிய வரிசைப்படி அடுக்கியிருக்கிறார்கள். அதில் முதல் பெயர் நான். உள்ளே இருக்கும் ஒருத்தி செவ்வாய்க்குள் விலகினால் அந்த இடம் எனக்கு. மூன்று வருடமாகத் தகுதிச் சுற்றிலேயே தோற்று ரயில் ஏறுகிறேன். மெயினில் ஒரே ஒரு மேட்ச் ஜெயித்தால் முதல் உலக ரேங்க் பாயிண்ட்.

வீட்டில் யாரிடமும் சொல்லவில்லை. பி.யிடமும்.

மே 16, ஞாயிறு

காலையில் பி.யோடு இரண்டு செட். 2-6, 3-4 வரை.

அவள் ஓடுவது ஓடுவது மாதிரியே தெரியாது. பந்து விழும் இடத்தில் முன்னாலேயே நின்றுகொண்டிருப்பாள். நான் மூச்சு வாங்கிப் போய்ச் சேர்வேன். அப்பா வலைக்குப் பக்கத்தில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்திருந்தார். அவர் வாயில் பாராட்டு என்றால் "நல்லா" என்ற ஒரு சொல்தான். இன்று நாலு தடவை. எனக்கு ஒன்றும் இல்லை. எண்ணியது என் அற்பத்தனம்.

காம்பவுண்டுக்கு வெளியே ஃபோர்மேன் மனைவி இன்னொரு பெண்ணிடம், நான் கேட்கட்டும் என்றே: "பேப்பர்ல போட்டா வந்துச்சே, அந்தப் பொண்ணுதான இது? நம்ம காலனிப் புள்ள எப்பங்க வரப்போவுது?"

அடுத்த பந்தை வலைக்குப் பக்கத்தில் மெதுவாக இறக்கினேன். நல்ல டிராப் ஷாட். வாழ்க்கையில் இதைவிட நன்றாக அடித்ததில்லை. பி. எட்டிப் பிடித்தாள், திருப்பியும் அடித்துவிட்டாள். அப்புறம்தான் வலது கணுக்கால் மடங்கி உட்கார்ந்தாள்.

பாயிண்ட் அவளுக்கு.

பெரிய அடி இல்லை. ஐஸ் வைத்துக் காலைத் தூக்கிப் போட்டால் நாலு நாளில் நடப்பாள், பத்து நாளில் ஆடுவாள். டோர்னமென்ட்டுக்கு இரண்டு வாரம் இருக்கிறது. போதும், தாராளமாக.

அம்மா அதற்குள் புளியும் உப்பும் கரைத்துக் காய்ச்சிக்கொண்டு வந்துவிட்டாள். கொதிக்கக் கொதிக்கப் பத்து. புதுச் சுளுக்கில் சூடு வைத்தால் வீக்கம் ஏறும். எந்த டோர்னமென்ட்டிலும் முதலில் சொல்லித் தருவது அது. அப்பா முதல் செட் முடிந்ததுமே டியூட்டிக்குப் போய்விட்டார். சொல்ல இருந்தது நான் ஒருத்திதான்.

"சூடு தாங்குவியா பாப்பா?"

"போடுங்க அத்தை," என்றாள். (சொந்தம் எதுவும் கிடையாது. அத்தையாம்.) சொல்லிவிட்டு என்னைப் பார்த்தாள். நான் பத்து ஒழுகாமல் இருக்கத் துணி கிழித்துக் கொடுத்தேன்.

ஃப்ரீசரில் இரண்டு டிரே நிறைய ஐஸ். எலுமிச்சை ஜூஸில் போட்டு அவளுக்குக் கொடுத்தேன்.

மே 17, திங்கள்

புழுக்கம். மழை வருகிற மாதிரி காட்டிவிட்டுப் போய்விட்டது.

பி.யின் கால் பூசணிப் பிஞ்சு. கணுக்கால் எலும்பே தெரியவில்லை. அம்மா சிறுவாச்சூர் கோயிலுக்குப் போய் அவள் பெயருக்கு அர்ச்சனை செய்து குங்குமம் கொண்டு வந்தாள். என் பெயருக்கு இதுவரை செய்திருக்கிறாளா, ஞாபகம் இல்லை. வந்ததும் திரும்பப் பத்து. நேற்றையதை விடக் கெட்டியாக.

வீடெல்லாம் புளி வாடை.

அப்பா ராத்திரி டியூட்டியும் சேர்த்துப் பார்த்து, விடிந்து வந்து தூங்கி, மதியம் எழுந்துதான் காலைப் பார்த்தார். "யாரு இதுக்கு சூடு வெச்சது?" அம்மா முகம் சுருங்கிவிட்டது. பி. உடனே, தான்தான் கேட்டு வாங்கிப் போட்டதாகச் சொன்னாள். எவ்வளவு சுலபமாகச் சொல்கிறாள். அப்பா என் பக்கம் திரும்பினார். நான் நூலகப் புத்தகத்தில் இருந்தேன். கடைசி முப்பது பக்கம். பொறாமை பற்றி எத்தனை நாவல் படித்திருக்கிறேன். எல்லாவற்றிலும் அது பெரிதாக இருக்கும், கத்தி, விஷம், கடிதம். வாயைத் திறக்காமல் துணி கிழித்துக் கொடுத்தவள் ஒருத்தியையும் படிக்கவில்லை.

இரண்டு வாரத்தில் தேறாது என்கிறார் அப்பா. நாளைக்குப் பிறகு விலகினால் அபராதம். விலகிவிடுவதாக பி. சொன்னாள். அழவில்லை. இரண்டு வாய் சோறு கூடவே சாப்பிட்டாள்.

எனக்கு இறங்கவில்லை.

மே 18, செவ்வாய்

காலை பஸ். பி.யை ஊரில் விடப் பெரம்பலூர் வரை நான் துணை. ஜன்னலோரம் அவள், காலை நீட்டிக்கொள்ள என் மடி. ஒரு மணி நேரம் அந்தக் கால் என் மடியில்.

பெரம்பலூர் பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே ஃபேக்ஸ். விலகல் கடிதத்தை ஆங்கிலத்தில் நான்தான் எழுதினேன், அவள் கையெழுத்து. தாள் மிஷினுக்குள் போய் மறுபக்கம் வந்தது. கொடுத்தால் கொடுத்ததுதான், திரும்ப வாங்க முடியாது.

வேப்பந்தட்டை பஸ்ஸில் ஏற்றி உட்கார வைத்தேன். கீழே இறங்கி ஜன்னலுக்கு அடியில் நின்றேன். உடம்பைப் பார்த்துக்கொள், அதுஇது என்று ஏதோ உளறினேன்.

"வெளியில மொத பேரு நீதான?" என்றாள்.

இங்கே வருவதற்கு முன்பே பட்டியல் பார்த்துவிட்டிருக்கிறாள்.

"பத்து போட்டா வீங்கும்னு எனக்கும் தெரியும்டி. நீ சொல்லுவேன்னு பாத்துக்கிட்டே இருந்தேன்."

கோபம் இல்லாமல் சொன்னாள். டிரைவர் ஏறிவிட்டார். பஸ் நகரும்போது, "ரெண்டாவது சர்வீஸ அவசரப்படாத," என்றாள்.

திரும்பி வரும் வழியெல்லாம் ஒரே யோசனை. ஒரு வார்த்தை அவளே கேட்டிருக்கலாம். வேண்டாம் அத்தை, ஐஸ் கொடுங்க என்று. கேட்கவில்லை. அவளுக்கு அடுத்த மாதம் இரண்டு டோர்னமென்ட், அதற்கடுத்த மாதம் மூன்று. இந்த ஒன்றைச் செலவழித்து நான் யார் என்று தெரிந்துகொண்டாள். அவளால் முடியும். என்னிடம் அப்படிச் செலவழிக்க ஒன்றுகூட இல்லை. அதற்கும் வயிறு எரிகிறது.

வீட்டுக்கு வந்தால் அவளுடைய ராக்கெட் இரண்டு என் கட்டிலில். புதுக் கிரிப் சுற்றி வைத்திருக்கிறாள். காலையில் அந்தக் காலை வைத்துக்கொண்டு எப்போது சுற்றினாள் தெரியவில்லை.

சாயங்காலம் அப்பா பிரவுசிங் சென்டர் போய்ப் பார்த்துவிட்டு வந்தார். என் பெயர் உள்ளே. வாசலில் நின்றபடியே சொன்னார், "நல்லா."

கோர்ட்டுக்குக் கூப்பிடுகிறார். வெளிச்சம் இருக்கும்போதே சர்வீஸ் மட்டும் ஒரு கூடை. எந்த ராக்கெட்டை எடுப்பது?