புது அமைச்சரின் பெயர்

லண்டன்

அன்புள்ள அம்மாவுக்கு,

முழங்கால் வலி குறைந்ததா? நான் சுகம்.

தேர்தல் முடிந்து, காலையில் பழைய அமைச்சரைக் கைதட்டி வழியனுப்பினோம். மாலையில் புதியவர் வந்தார். துறைச் செயலாளரான நான்தான் அவரை ஊழியர்களுக்கு அறிமுகப்படுத்த வேண்டும். வாயைத் திறந்தால் போனவர் பெயர்தான் நாக்கில் நிற்கிறது.

"நம்ம அமைச்சர் வந்துட்டாரு" என்று சமாளித்தேன். இங்கே எல்லோரையும் பதவி சொல்லியே அழைப்பதால் யாருக்கும் சந்தேகம் வரவில்லை. வாயில்காவலர் ஹாப்டே மட்டும் காதோரம், "எனக்கும் மறந்துபோச்சு, செயலாளர் ஐயா. அதுக்குத்தானே இந்த வழக்கமே" என்றார். போன உயிர் திரும்பி வந்தது.

தபாலுக்கு நேரமாகிவிட்டது. கம்பளிக் காலுறை ஒரு ஜோடி பின்னி அனுப்புங்கள். பார்சல் மேல் 'செயலாளர்' என்று எழுத வேண்டாம். வில்ஃபி என்றே எழுதுங்கள். இங்கே என்னை அப்படிக் கூப்பிட ஆளில்லை.

வில்ஃபி