கைய வைக்கவும்

மார்ச் 3, திங்கள்

கையெழுத்து கோணலாக இருக்கிறது, மன்னிக்க வேண்டும். யாரிடம் கேட்கிறேன்? படிக்கப்போவது நான் மட்டும்தான், எனக்கோ இந்த எழுத்து ரொம்பப் பிடித்திருக்கிறது. சில எழுத்துகள் கோட்டுக்குக் கீழே தொங்குகின்றன, கொடியில் போட்ட கால்சட்டை மாதிரி. நாலு வரி முடிப்பதற்குள் தேநீர் ஆறிவிடுகிறது. ஆறட்டும்.

நானும் என் வீட்டுக்காரியும் ஒரே சலவைக்கூடத்தில் வேலை செய்கிறோம். நான் இஸ்திரி, அவள் மடிப்பு. இன்று துண்டு மடிக்கும் மிஷின் வந்து இறங்கியது. இந்தப் பக்கம் துண்டை விரித்து வைத்தால் பட்டை இழுத்துக்கொண்டு போய், அந்தப் பக்கம் மடித்து அடுக்குகிறது.

முதலாளியம்மா இவளிடம் சொன்னார்: "அக்கா, இதுக்கு ஒரு ஆள் போதும். ஆனா திரையில வர்றதைப் படிக்கத் தெரியணும். மாசக் கடைசிக்குள்ள ஆள் பார்க்கணும்."

இவளுக்குப் படிக்கத் தெரியாது. அப்படியானால் இவள் எங்கே போவாள்?  

(என்னைவிட இரண்டு வயதுதான் இளையவள். முதலாளியம்மாவுக்கு அவள் 'அக்கா', நான் 'பெரியவர்'. இதை எழுதி வைக்க வேண்டும் என்று தோன்றியது.)

மார்ச் 4

நான் எழுதப் படிக்கக் கற்கும் மாலை வகுப்புக்கு நீயும் வா என்றேன். "வீட்டுல ஒரு படிச்சவர் இருக்கிறதே தாங்கல" என்றாள்.

மார்ச் 7, வெள்ளி

எழுதவே வெட்கமாக இருக்கிறது. எழுதாமலும் இருக்க முடியவில்லை.

நானே யோசனை சொன்னேன். இவள் துண்டை வைக்கட்டும், நான் திரையைப் படித்துச் சொல்கிறேன் என்று. முதலாளியம்மா சரி என்றார். பத்துத் துண்டு ஒழுங்காகப் போனது. பிறகு மிஷின் கூவி நின்றது. திரையில் இரண்டு வரி. முதல் வரி, துணி ஈரம். சரியாகப் படித்துவிட்டேன். இரண்டாவது வரியைக் கூட்டிக் கூட்டிப் படித்தேன் — கைய வைக்கவும்.

வைத்தேன். மிஷின் தலையில், பயபக்தியோடு.

ஒன்றும் நடக்கவில்லை. இன்னொரு கையையும் வைத்தேன்.

"ஏங்க, மிஷினுக்கு ஆசீர்வாதமா?" என்றாள் இவள். முதலாளியம்மா வந்து பார்த்தார். "பெரியவரே, அது காய வைக்கவும்." கூடமே சிரித்தது. இவள்தான் கடைசிவரை சிரித்தாள்.

வீட்டுக்கு வந்து விளக்கினேன். க பக்கத்தில் கால் போட்டால் கா. முன்னால் சங்கிலிக் கொம்பு போட்டால் கை. அவ்வளவுதான், யாருக்கும் வரக்கூடிய தடுமாற்றம். "கைக்கும் காலுக்கும் வித்தியாசம் தெரியாமலா இத்தனை வருஷம் நடந்தீங்க?" என்கிறாள். எங்கே அந்தக் கால், காட்டுங்க என்றாள். காட்டினேன். கேலி செய்யத்தானே.

மார்ச் 11

வகுப்பில் படித்தது: துணி என்றால் உடுப்பது. துணி என்றால் பயப்படாமல் இறங்கு. இவளிடம் சொன்னேன். "முதல் துணியைத் துவைக்கிறதும் நான்தான், ரெண்டாவதா துணியிறதும் நான்தான்" என்றாள்.

மார்ச் 16, ஞாயிறு

வீடுகளுக்கும் துணி மடிக்கும் மிஷின் வந்துவிட்டதாம், மகன் போனில் சொன்னான். "எங்கிட்ட ஏற்கெனவே ஒண்ணு இருக்குப்பா. மடிக்கச் சொன்னா சுருட்டி நாற்காலியில வைக்கும். இப்பப் படிக்க வேற செய்யுது" என்றாள். நான் பக்கத்தில்தான் இருந்தேன்.

மார்ச் 20

இவள் வம்பு தாங்க முடியவில்லை. சோப்புக் கட்டியைக் கொண்டுவந்து இதுல கால் இருக்கா என்கிறாள். மருந்துப் புட்டியில் கொம்பு எத்தனை என்கிறாள். தெருவில் பெயர்ப்பலகை முன் நின்றுவிடுகிறாள். எனக்கு வந்த தடுமாற்றத்தை ஊர் முழுக்கத் தேடுகிறாள் போலிருக்கிறது.

மார்ச் 26

முதலாளியம்மா ஆள் பார்த்துவிட்டாராம். வெள்ளிக்கிழமை வரச் சொல்லியிருக்கிறாராம்.  இவளிடம் இன்று கேலியே இல்லை. அதுதான் என்னவோ போல் இருக்கிறது.

மார்ச் 28, வெள்ளி

மெதுவாக எழுத வேண்டும். 

காலையில் இஸ்திரிப் பெட்டி என் கையில், பாதிச் சட்டை மேசையில். மிஷின் கூவியது. பெட்டியை வைத்துவிட்டு ஓடத் திரும்பினேன். இவள் திரை முன் நின்றாள். உதடு அசைந்தது. பிறகு துண்டை உருவி எடுத்துக் கொடியில் போட்டாள். அடுத்த துண்டை விரித்தாள்.

முதலாளியம்மா வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். "அக்கா, என்ன வந்துச்சு?"

"ஈரமாம். காய வைக்கணுமாம்." என் பக்கம் திரும்பினாள். "கால் இருக்கு. கை இல்ல."

துணி சிக்கியது, விளிம்பை நேராக்கவும் — அவர் ஒவ்வொன்றாகத் திரையில் வரவழைத்துக் காட்டினார். விளிம்பில் கொஞ்சம் திணறினாள். நான் வாயைத் திறந்தேன். ஒரு பார்வை பார்த்தாள், மூடிக்கொண்டேன். படித்துவிட்டாள்.

முதலாளியம்மா போனை எடுத்து, வர வேண்டாம், ஆள் கிடைச்சாச்சு என்றார்.

சட்டை? காலர் கருகிவிட்டது. பெட்டியை அதன் மேலேயே வைத்திருக்கிறேன்.

மார்ச் 30, ஞாயிறு

இந்த நோட்டைத் திறந்தால் அங்கங்கே புதிய புள்ளிகள். நான் விட்டுவிட்ட இடங்களில் எல்லாம், நீல மையில், கொஞ்சம் பெரிதாக. 'வீட்டுக்காரி'யில் ட் தலைமேல் வைத்தது ரொம்பவே பெரிது.

"என்னைப் பத்தி எழுதுறப்ப மட்டும் புள்ளி மறந்துபோகுதா?" என்றாள்.

எழுத்து பொடியாக இருக்கிறதாம், கண் வலிக்கிறதாம். அதனால் இன்றிலிருந்து பெரிதாக எழுதுகிறேன். பார்த்துத்தான் எழுத வேண்டும்.