ஊமைப்படத்தின் முடிவு

அன்புள்ள அம்மாவுக்கு,

அப்பாவுக்கு முட்டு வருத்தம் இப்போது எப்படி, மூச்சு இழுப்பு குறைந்ததா? நான் சுகம். படித்த பட்டம் பெட்டிக்குள் இருக்க, தொழிற்சாலையில் நாள் முழுக்க நின்றே வேலை. கால்தான் உளைகிறது.

நீங்கள் எனக்குக் கலியாணம் பேசியிருக்கும் ஜனார்த்தனன் ஞாயிறு படத்துக்குக் கூப்பிட்டார். நான் தங்கியிருக்கும் வீட்டு யோகமலர் அன்ரியும் துணைக்கு வந்தார். பழைய ஜெர்மன் ஊமைப்படம். "படத்திலையும் ஒருத்தரும் கதைக்கினமில்லை, நீங்களும் கதைக்கிறியளில்லை," என்று நடுவில் இருந்த அன்ரி அலுத்துக்கொண்டார்.

படத்தில் ஒருத்தி உயிரைக் கொடுத்து வயலின் வாசிக்கிறாள். புருசனுக்கு அது பிடிக்காது. கடைசியில் வயலினை அடுப்பில் போட்டுவிட்டு அவனுக்குத் தேத்தண்ணி ஊற்றுகிறாள். எனக்கு அழுகை வந்துவிட்டது. ஜனார்த்தனன் நல்லவர்தான் அம்மா. கண்ணைத் துடைக்கத் தன் லேஞ்சியைத் தந்து, "ஏன் அழுறீர்? சந்தோசமாத்தானே முடிஞ்சது," என்றார்.

அவர்கள் வீட்டுக்கு இன்னும் சம்மதம் சொல்ல வேண்டாம். கொழும்பிலிருந்து யாராவது இங்கே வந்தால் என் வயலினைக் கொடுத்தனுப்புங்கள். பழைய சீலையில் சுற்றினால் போதும். நரம்பு அறுந்திருந்தாலும் பரவாயில்லை, இங்கே வாங்கலாம். நான் வாசிப்பதை அவர் ஒருநாள் இருந்து கேட்கட்டும். அதற்குப் பிறகு மறுமொழி சொல்கிறேன்.

பஸ் வரப்போகிறது.

உங்கள் மகள்
துர்க்கா