மூக்கை நம்பாத கிளேஸ்

மார்ச் 3, திங்கள்

மூன்று வாரம் காய்ச்சலில் கிடந்துவிட்டு இன்றைக்குத்தான் பேக்கரிக்குப் போனேன். என் மேஜையை யாரோ துடைத்து வைத்திருந்தார்கள். குண்டூசியாகத்தான் இருக்கும். கவுன்டரில் நிற்பவள். ஆளும் ஒல்லி, பேச்சும் குத்தும், அதனால் அந்தப் பெயர். "வந்துட்டியா? நீ இல்லாம பன்னெல்லாம் மொட்டையா நின்னுச்சு" என்றாள்.

அவள் சொன்னது என் கிளேஸை. பெரிய வித்தை ஒன்றும் இல்லை. பொடித்த சர்க்கரை, சூடான பால், வெண்ணெய், பட்டை, சுக்கு, கிராம்பு, துளி உப்பு. கலந்து பன் மேல் ஊற்றுவது, அவ்வளவுதான். பதினாலு வருஷமாக அதை நான்தான் செய்கிறேன். உருகின வெண்ணெயில் மசாலாப் பொடியைப் போட்டுக் கிண்டினால் ஒரு கட்டத்தில் வாசம் குப்பென்று மாறும். அப்போது இறக்கிவிட வேண்டும். இன்றைக்கும் அதற்காகத்தான் காத்து நின்றேன். வரவே இல்லை.

"ஏம்மா, கருகுது!" என்று ஓவன் பக்கத்திலிருந்து, பன் சுடுகிற மாஸ்டர் கத்தினார். குனிந்து பார்த்தால் சட்டியில் கரி.

கரிந்த வாசம்கூட எனக்கு வரவில்லை.

"ஏதோ யோசனையில இருந்துட்டேன் மாஸ்டர்" என்றேன். பொய்.

மார்ச் 4

காபி: சூடு, கசப்பு, வேறொன்றும் இல்லை. குளிக்கிற சோப்பை மூக்கோடு ஒட்டி வைத்து இழுத்தேன். கல்லை முகர்ந்த மாதிரி இருந்தது.

மார்ச் 8, சனி

டாக்டர் டார்ச் அடித்துப் பார்த்தார். காய்ச்சலில் வாசனை நரம்பு அடிபட்டிருக்கிறதாம். "திரும்பலாம், திரும்பாமலும் போகலாம். நாக்குக்கு ஒண்ணும் ஆகல. இனிப்பு, உப்பு, புளிப்பு, கசப்பு, காரம் எல்லாம் தெரியும். என்ன வேலை பாக்கறீங்க?"

சொன்னேன். கண்ணாடியைக் கழற்றித் துடைக்க ஆரம்பித்துவிட்டார். அதற்கு அவர் ஏதாவது சொல்லியே இருக்கலாம்.

பஸ்ஸில் திரும்பும்போது என் வீட்டுக்காரர், "கடையில யார்கிட்டயும் மூச்சு விடாத. தானா சரியாயிடும்" என்றார். இவர் நல்லதுக்குத்தான் சொல்கிறார். ஆனால் எத்தனை நாளைக்கு நடிப்பது? பிள்ளைகள் ஆடுகிற கண்ணாமூச்சியா இது?

மார்ச் 12, புதன்

மறைத்தது இன்றைக்கு வெடித்துவிட்டது. ஃபிரிட்ஜில் பின்னால் கிடந்த பழைய வெண்ணெயை எடுத்துப் போட்டிருக்கிறேன். சிக்கு வாடை அடித்திருக்கிறது. எனக்கு எங்கே தெரிய? ஒருவர் இரண்டு பெட்டி பன்னைத் திருப்பிக் கொண்டுவந்து கவுன்டரில் வைத்துவிட்டார்.

முதலாளியம்மா கூப்பிட்டார். மாஸ்டர், குண்டூசி எல்லோரும் நின்றிருந்தார்கள். யாரோ வெண்ணெயை மாற்றி வைத்துவிட்டார்கள் என்று சொல்லியிருக்கலாம். வாய் வரைக்கும் வந்தது. சொல்லவில்லை.

"எனக்கு மூக்கு வேலை செய்யலம்மா. காய்ச்சல்ல இருந்து. எந்த வாசனையும் தெரியாது."

அவர் கத்தவில்லை. கத்தியிருந்தால் நானும் கத்தியிருப்பேன். நிதானமாக, "நாலு அடுப்பு எரியற இடம். கேஸ் கசிஞ்சா உனக்குத் தெரியுமா?" என்று கேட்டார்.

அடுப்புகளைத் திரும்பிப் பார்த்தேன்.

"நாளையிலருந்து டப்பா மடி. கிளேஸுக்குப் பாக்கெட் பவுடர் வாங்கிக்கலாம், தண்ணி ஊத்திக் கலக்கினா போதும். உன் நல்லதுக்குத்தான் சொல்றேன்."

என் நல்லதுக்கு ஊரில் எத்தனை பேர்!

மார்ச் 13

நாள் முழுக்க அட்டை டப்பா மடித்தேன். விளிம்பு பட்டு இரண்டு விரலில் கீறல். எதிர்மேஜையில் மாஸ்டர் பவுடரைக் கொட்டி ஜக்கில் தண்ணீர் ஊற்றிக் கலக்கினார். என்னைப் பார்க்காமலே கலக்கினார்.

மூக்குதானே போச்சு? கை இருக்கு, கண்ணு இருக்கு, நாக்கு இருக்கு, காது இருக்கு. போனது ஒண்ணு. அதுக்கு மொத்த ஆளையும் ஏன்டா ஓரங்கட்டறீங்க?

மார்ச் 16, ஞாயிறு

வீட்டில் ஆரம்பித்துவிட்டேன்.

தபால் எடை பார்க்க இவர் வைத்திருந்த சின்னத் தராசைக் கேட்டு வாங்கினேன். இத்தனை வருஷத்தில் எதையும் நிறுத்துப் போட்டதே இல்லை. எல்லாம் கைக்கணக்கு. என் கை எவ்வளவு போடுகிறது என்று எனக்கே தெரியாது. பட்டைப்பொடியை வழக்கம்போல அள்ளித் தராசில் போட்டேன். மூன்று கிராம். கொட்டிவிட்டு மறுபடி அள்ளினேன். மூன்று. பத்துத் தடவை அள்ளினேன். ஒரே ஒரு தடவை நாலு காட்டியது, அப்போது இவர் பேச்சுக் கொடுத்துவிட்டார்.

சமையலறையில் நின்று சத்தமாகச் சிரித்தேன். என் கைக்கு மூக்கே தேவைப்படவில்லை!

எழுதி வைக்கிறேன்: பொடித்த சர்க்கரை கால் கிலோ, வெண்ணெய் இருபது கிராம், பட்டை மூன்று, சுக்கு ஒன்று, கிராம்பு அரை, உப்பு ஒரு சிட்டிகை. பால் சூடாக, மூன்று பெரிய கரண்டி. கெட்டியாக இருந்தால் இன்னும் அரைக் கரண்டி.

ஆனால் வாசம்? ருசி பார்க்க இவரைக் கூப்பிட்டேன். "நல்லாருக்கு." உப்பை அள்ளிப் போட்டு இன்னொன்று கொடுத்தேன். "இதுவும் நல்லாருக்கு." பாவம், கல்யாணமான நாளிலிருந்து பழகிப்போன பதில்.

மார்ச் 19

வேறு வழியில்லை. நாத்தனாரைக் கூப்பிட்டேன்.

இவருடைய அக்கா, இரண்டு தெரு தள்ளி இருக்கிறார். இருபது வருஷமாக நான் வைத்த எதிலும் குறை சொல்லாமல் எழுந்ததில்லை. வாசலில் செருப்பு விடும்போதே, "என்ன, பருப்பு அடிபிடிச்சுதா?" என்று கேட்கிற மூக்கு அது. எத்தனை நாள் மனசுக்குள் சபித்திருப்பேன்! இன்றைக்கு நாற்காலி போட்டு உட்கார வைத்து, "அண்ணி, உங்க வாய்க்கு வந்ததெல்லாம் சொல்லுங்க. ஒண்ணையும் மறைக்காதீங்க" என்றேன்.

"உனக்கு உடம்பு சரியில்லையா?" என்று கேட்டுவிட்டு ஒரு வாய் வைத்தார். "மசாலா பச்சையா நிக்குது. வதங்கல."

இரண்டாவது. "இதுல வெண்ணெய் தீஞ்சிருக்கு."

மூன்றாவதை ஊற்றிய பன்னைப் பிட்டுப் பார்த்தார். "கிளேஸ் நல்லாருக்கு, ஆனா பன்னைக் காணோம், ஊறிப்போச்சு. கொதிக்கக் கொதிக்க ஊத்தினா ஓடிடாதா? பத்து நிமிஷம் ஆற விடறதுக்கென்ன?"

அவசரத்தில் எனக்குத் தெரிந்ததையே மறந்திருக்கிறேன்.

மார்ச் 23, ஞாயிறு

கண்டுபிடித்துவிட்டேன்!

வெண்ணெய் பேசுகிறது. உருகும்போது சடசடவென்று சத்தம். அது அடங்கி, நுரை ஓரத்துக்கு ஒதுங்கும். அப்போது மசாலாவைப் போட்டு, மனசுக்குள் எட்டு எண்ணி இறக்கினால் போதும். ஐந்து தடவை செய்தேன். அண்ணி ஐந்தையும் சாப்பிட்டார். ஐந்தாவதுக்கு ஒன்றும் சொல்லவில்லை. கரண்டியை வழித்து நக்கினார். பார்த்தேன். பார்க்காத மாதிரி திரும்பிக்கொண்டேன்.

நாக்குக்கும் வேலை இருக்கிறது. சுக்கு தொண்டையில் சுடுகிறது. கிராம்பு நாக்கு நுனியை மரக்க வைக்கிறது. அளவு கூடினால் உடனே சொல்லிவிடும். முன்னெல்லாம் வாசத்தோடு சேர்ந்து வந்ததால் இதெல்லாம் எனக்குத் தனியாகத் தெரிந்ததே இல்லை.

மார்ச் 27

டப்பா மடிக்கும்போதுதான் அந்தக் கேள்வி மறுபடி வந்தது. கேஸ் கசிந்தால் உனக்குத் தெரியுமா?

சரி, எனக்குத் தெரியாது. மாஸ்டருக்கு வருஷத்தில் பாதி நாள் சளி. குண்டூசி இருப்பது முன்பக்கம். அப்போ இத்தனை வருஷமா அந்தச் சமையலறைக்கு அலாரமே நான்தானா? நான் லீவு போட்ட நாளெல்லாம் என்ன பண்ணினாங்க?

கேஸ் கசிந்தால் கூவுகிற பெட்டி கடைகளில் விற்கிறது. சுவரில் மாட்டினால் ஆயிற்று. நாலு அடுப்பு இருக்கிற இடத்தில் அது இல்லாததற்கு என் மூக்கா பொறுப்பு?

ஏப்ரல் 2, புதன்

பன்னும் கிளேஸும் வீட்டிலேயே செய்து, ஒரு டப்பாவில் வைத்து (நானே மடித்த டப்பா) முதலாளியம்மா முன்னால் வைத்தேன். அளவு எழுதின தாளும் வைத்தேன். கேஸ் பெட்டி பற்றியும் சொன்னேன்.

அவர் டப்பாவைத் திறக்கவே இல்லை. "உனக்கு ஏன் இந்தப் பிடிவாதம்? டப்பா மடிக்கறதுல என்ன குறைச்சல்?"

"டப்பா மடிக்கறது குறைச்சலான வேலை இல்லம்மா. ஆனா அது என் வேலை இல்ல."

"திரும்ப ஒரு பெட்டி ரிட்டர்ன் வந்தா?"

"இனிமே வெண்ணெய் வந்த தேதியை எழுதி ஒட்டுவேன். தேதி இல்லாததைத் தொட மாட்டேன். அதுக்கு மேலயும் தப்பு வந்தா நானே கவுன்டர்ல வந்து நின்னு பதில் சொல்றேன்."

"யோசிப்போம்."

"நீங்க யோசிங்க. நான் யோசிச்சாச்சு. கிளேஸ் போடணும்னா கூப்பிடுங்க, வரேன். டப்பாவுக்கு வர மாட்டேன்."

ஏப்ரனைக் கழற்றி மடித்து மேஜை மேல் வைத்தேன். படி இறங்கும் வரைக்கும் முதுகை மட்டும் நிமிர்த்தியே வைத்திருந்தேன்.

ஏப்ரல் 3

இவர் வீட்டுக்குள் இருபது தடவை நடந்தார்.

தப்பு பண்ணிட்டேனா?

இல்ல.

ஏப்ரல் 5, சனி

குண்டூசி வந்தாள். "நீ போனதும் அந்தம்மா டப்பாவைத் திறந்துச்சு. ஒண்ணு சாப்பிட்டுச்சு. அப்புறம் மாஸ்டரைக் கூப்பிட்டு நீட்டுச்சு. அந்தாளு தின்னுட்டு, 'இது பவுடர் இல்ல'ன்னு மட்டும் சொல்லிட்டு ஓவன் பக்கம் போயிட்டாரு. மிச்சத்தை நான் தின்னேன், மறைப்பானேன்."

"அப்புறம்?"

"அப்புறம் என்ன, யாரும் பேசல. அதான் வந்தேன்."

ஏப்ரல் 7, திங்கள்

காலை ஏழு மணிக்கு ஃபோன். முதலாளியம்மா. வணக்கம்கூட இல்லை. "அந்தப் பெட்டி மாட்டியாச்சு. கத்தவிட்டுப் பார்த்தாச்சு, காது கிழியுது. வா."

ஏப்ரல் 8

முதல் நாள். எட்டுத் தட்டு. வெண்ணெயின் சத்தம் கேட்க வேண்டும் என்று மாஸ்டரின் ரேடியோவை நிறுத்தச் சொன்னேன். முணுமுணுத்துக்கொண்டே நிறுத்தினார்.

வேலை முடிந்து கை கழுவும்போது முதலாளியம்மா பக்கத்தில் வந்து, "இந்த மூக்கு விஷயம் நம்மளோட இருக்கட்டும். கஸ்டமர் காதுக்குப் போக வேண்டாம்" என்றார்.

நான் தலையாட்டவில்லை. முடியாது என்றும் சொல்லவில்லை.

ஏப்ரல் 11, வெள்ளி

இன்றைக்குச் சொல்லும்படி ஆகிவிட்டது. கவுன்டர் பக்கம் தட்டைக் கொண்டுபோனபோது ஒரு அம்மா, "வாசனை ஆளைத் தூக்குதே, இதெல்லாம் செய்யும்போது உங்களுக்குப் பசிக்காதா?" என்று சிரித்துக்கொண்டே கேட்டார்.

"எனக்கு வாசனை தெரியாதுங்க. காய்ச்சல்ல போயிடுச்சு. நிறுத்துத்தான் போடறேன்."

குண்டூசி மூச்சை அடக்கினாள். முதலாளியம்மா கல்லாவிலிருந்து நிமிர்ந்தார். அந்த அம்மா பர்ஸைத் திறந்தார்.

"அப்படியா? சரி, ஆறு குடுங்க."

அவ்வளவுதான். அவ்வளவேதான்! இதற்கா இத்தனை நாள் பயந்தோம்?

முதலாளியம்மா மாலைவரை என்னோடு பேசவில்லை. பரவாயில்லை. நான் பொய் சொல்லிப் பார்த்தவள். பொய்யில்தான் சிக்கு வெண்ணெய் வந்தது.

ஜூன் 17, செவ்வாய்

மாஸ்டரோடு சண்டை. காரணம், மிளகு.

காரமெல்லாம் தனியாகத் தெரிகிறதே, சுக்கோடு அரைக் கிராம் மிளகு சேர்த்தால் என்ன என்று இன்றைக்குச் சேர்த்துவிட்டேன். மாஸ்டர் ஒரு வாய் வைத்தார். "பன்னுக்கு மிளகா? இது என்ன, சளிக்கு மருந்தா?"

"உங்களுக்குத்தான் வருஷம் பூரா சளி. சாப்பிடுங்க, போயிடும்."

"இனிப்புன்னா இனிப்பா இருக்கணும்மா. இது தொண்டையில போய் உக்காந்துக்கிட்டு எந்திரிக்கவே மாட்டேங்குது."

"உக்காரட்டும். அதுக்குத்தான் போட்டேன்."

"உனக்கு ருசி தெரியல."

"உங்களுக்குப் புதுசுன்னா ஆகல."

மாவு பறக்கக் கத்தினோம். முதலாளியம்மா எட்டிப் பார்த்து, "ரெண்டு பேரும் கொஞ்சம் வாயை மூடுங்க, முன்னாடி ஆள் நிக்குது" என்று இருவருக்கும் சேர்த்தே ஒரு திட்டு வைத்துவிட்டுப் போனார். முதலாளியம்மா திட்டின போதும், மாஸ்டர் கத்தின போதும், மூக்கைப் பற்றி ஒருத்தர் வாயிலிருந்தும் ஒரு வார்த்தை வரவில்லை. வீட்டுக்கு நடந்து வரும்போதுதான் அது உறைத்தது.

கடைசியில் நாலு தட்டு மிளகோடு, நாலு தட்டு மிளகில்லாமல். பதினோரு மணிக்குள் இரண்டுமே காலி. இரண்டு பேருமே ஜெயித்தது நான்தான் என்கிறோம்.

நாளைக்கு முக்கால் கிராம்.