மடங்கிய வாள் எந்தப் பக்கம் மடங்கியிருந்தது

வில்லெர்-ஓ-சோல்,
16 அக்டோபர் 1983, ஞாயிறு

அன்பு மகள் நோயெமிக்கு,

அப்பா எழுதுகிறேன். நானும் உன் அம்மாவும் இங்கே நலம், அவளுடைய வலது முழங்காலை மட்டும் அந்த நலத்தில் சேர்க்காதே. நீயும் மாப்பிள்ளையும் சின்னவளும் அந்தத் தீவில் நோய்நொடி இல்லாமல் இருப்பீர்கள் என்று நம்புகிறேன். நூமேயாவில் இப்போது வெயில் ஏறத் தொடங்கியிருக்கும், ஆஸ்பத்திரிக்கு நடந்து போகிறேன் என்று பிடிவாதம் பிடிக்காமல் பஸ்ஸில் போ. எப்போதும் அம்மா எழுதி முடித்ததும் அடியில் நான் இரண்டு வரி கிறுக்குவதுதான் வழக்கம். இன்று நானே எழுதுகிறேன் என்று பேனாவைக் கேட்டதும் மூக்குக் கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு, "யாரு செத்தது?" என்று கேட்டாள். யாரும் சாகவில்லை, பயப்படாதே. ஊரில் பீட்ரூட் அறுவடை நடக்கிறது, லாரிகள் சாலை முழுக்கச் சேற்றை அப்பிவிட்டுப் போகின்றன, நேற்று காப்பிக்கடை ஒக்தாவ் அதில் வழுக்கி விழுந்து லாரிக்காரனின் ஏழு தலைமுறையையும் திட்டித் தீர்த்தான். முயல்களில் இரண்டு போய்விட்டன. ஆப்பிள் இந்த வருஷம் நல்ல காய்ப்பு, சைடர் பிழிந்து வைத்திருக்கிறேன், நீ வந்தால் குடிக்கலாம். நீ வரமாட்டாய் என்று தெரியும், இருந்தாலும் ஒரு பீப்பாயைத் தொடாமல் வைத்திருக்கிறேன்.

சுற்றி வளைத்துக்கொண்டே இருக்கிறேன், விஷயத்துக்கு வருகிறேன். எலும்பு நிலம் உனக்கு நினைவிருக்கும், மறந்திருக்க மாட்டாய். உழும்போதெல்லாம் மாட்டெலும்பும் இரும்பும் கிளம்பும், நாங்கள் அதையெல்லாம் போர்க்காலத்துக் குப்பை என்று வரப்போரம் குவித்துவிட்டுப் போவோம். நம் பக்கத்தில் எந்தக் கொழு எதைக் கிளப்பினாலும் அது போர்க்காலத்துக் குப்பைதானே. நிலத்துக்காரர் கஸ்தோன் போன பிறகு அவர் மகன் அங்கே தோண்டுவதற்குச் சம்மதம் கொடுத்துவிட்டான். ஜூன் மாதத்திலிருந்து இருபது பேர் கூடாரம் போட்டு, கரண்டியும் தூரிகையுமாக மண்ணைச் சுரண்டிக்கொண்டிருந்தார்கள். ஒக்தாவுக்கு ஒரே கொண்டாட்டம், இந்தக் கோடையில் விற்ற பீரை அவன் ஆயுசில் விற்றதில்லை. அவர்களுக்குத் தலைவி அர்மெல் என்று ஒரு பெண், மேற்கே பிரெத்தாஞ் பக்கத்துக்காரி, உன் வயதுதான் இருக்கும். முழங்கால் வரை சேறு, காதில் பென்சில். முதல் தடவை பார்த்தபோதே நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன், ஏன் என்று உனக்குச் சொல்ல வேண்டியதில்லை.

செப்டம்பரில் ஒரு ஞாயிற்றுக்கிழமை ஊரையே கூப்பிட்டுக் காட்டினாள். சதுரமாக ஓர் அகழி, நடுவில் பெரிய குழி, குழியில் எருதுகளின் எலும்பு. நம் காலுக்கு அடியில் இரண்டாயிரம் வருஷத்துக்கு மேலாக ஒரு கோவில் இருந்திருக்கிறது, அதன்மேல் நாம் பீட்ரூட் போட்டுக்கொண்டிருந்திருக்கிறோம். அகழியில் கிடைத்ததையெல்லாம் பலகைமேல் வரிசையாக வைத்திருந்தாள். வாள்கள், ஈட்டிமுனைகள், கேடயத்தின் இரும்பு. நோயெமி, அவற்றில் ஒரு வாள்கூட நேராக இல்லை. இரண்டாக, மூன்றாக, துணி மடித்து வைத்ததுபோல் மடக்கி வைத்திருந்தார்கள். "டிராக்டர் ஏறிடுச்சாம்மா?" என்று யாரோ கேட்டார்கள். அவள் சிரித்துவிட்டு, "இல்லீங்க, இந்தக் கோவிலைக் கட்டினவங்களே மடக்கினது. எருதை வெட்டிப் படைச்ச மாதிரி வாளையும் சாகடிச்சுப் படைச்சிருக்காங்க. சாமிக்குக் குடுத்தாச்சு, இனிமே மனுஷன் கையில எடுக்கக்கூடாதுன்னு அர்த்தம்" என்றாள். உன் அம்மா என் பக்கம் திரும்பி ஒரு பார்வை பார்த்தாள், அவ்வளவுதான். அதற்கு அவள் நாலு அறை கொடுத்திருக்கலாம்.

அறுபத்தாறாம் வருஷம் நீ அதே எலும்பு நிலத்திலிருந்து மடங்கிய அந்த வாளைக் கொண்டுவந்தபோது உனக்குப் பதினேழு வயது. "அப்பா, இது தானா வளையல, யாரோ வேணும்னே மடக்கியிருக்காங்க" என்று சொன்னாய். மூன்று நாள் சமையலறை மேசையில் வைத்து, திருப்பித் திருப்பி அந்த நீல நோட்டில் வரைந்தாய், அம்மா சாப்பாட்டுத் தட்டை வைக்க இடமில்லாமல் கத்தினாள். நகரத்து வரலாற்றுச் சங்கத்துப் பெரியவருக்குக் கடிதம் போட்டாய், அவரும் ஞாயிற்றுக்கிழமை வருகிறேன் என்று எழுதிவிட்டார். தொடாதீர்கள் என்று நீ என்னிடம் சொல்லியிருந்தாய். நான் என்ன செய்தேன், சனிக்கிழமை நீ அத்தை வீட்டுக்குப் போன நேரம் பார்த்து அதை உலையில் வைத்துச் சிவக்கக் காய்ச்சி, அடைகல்லில் போட்டுச் சுத்தியலால் அடித்து நேராக்கி, எண்ணெய் தடவிச் சுவரில் இரண்டு ஆணி அடித்து மாட்டினேன். ஒட்டிக்கொண்டிருந்த உறை நொறுங்கி விழுந்தது, அதைப் பழைய இரும்புக்காரனின் குவியலில் எறிந்தேன். கெட்ட எண்ணம் ஒன்றும் இல்லை. படித்த மனுஷர் வீட்டுக்கு வருகிறார், என் மகள் கண்டெடுத்த சாமான் ஒடிந்து மடிந்து கிடக்கக்கூடாது என்றுதான் நினைத்தேன். முப்பது வருஷம் கோணல் கலப்பையை நேராக்கிய கை இது, வளைந்த இரும்பைக் கண்டால் சும்மா இருக்காது. நீ சந்தோஷப்படுவாய் என்று நினைத்தேன், அதை நினைத்தால்தான் இன்றைக்கும் தாங்க முடியவில்லை.

அதோடு நின்றிருந்தால் முட்டாள்தனம் என்று விட்டிருக்கலாம். பெரியவர் வந்தார், கஸ்தோனும் ஒக்தாவும் வேடிக்கை பார்க்க வந்து நின்றார்கள். வாளைப் பார்த்தார், இது நேற்று அடித்த இரும்பு மாதிரி இருக்கிறதே என்றார். நீ நோட்டை நீட்டினாய். அவர் படத்தைப் பார்த்துவிட்டு என் பக்கம் திரும்பி, "ஏன்யா, இப்படியா மடங்கிக் கிடந்துச்சு? புராதனப் பொருளை எவனாவது நெருப்புல வாட்டியிருந்தா அவனைக் கோர்ட்டுல நிறுத்தணும்" என்றார். கஸ்தோன் என்னை முறைத்துக்கொண்டு நின்றார், நிலத்தைத் தோண்ட ஆள் வந்துவிடுவார்களோ என்று அவருக்குப் பயம், அவருடைய வண்டிவாகனம் எல்லாம் என் பட்டறைக்கு வந்துகொண்டிருந்த காலம். என் நாக்கு புரண்டது. "கலப்பை பட்டு லேசா வளைஞ்சிருந்துச்சுங்க, வேற ஒண்ணுமில்ல, சும்மா துடைச்சு வெச்சேன்" என்றேன். பெரியவர் உன் கன்னத்தில் தட்டி, "நல்லா கற்பனை பண்றே பொண்ணு, கதை எழுதப் போ" என்றார், எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன், நோயெமி. நீ அழவில்லை, நோட்டை மூடிக்கொண்டு மாடிக்குப் போனாய். அதற்குப் பிறகு அமியான் நகரத்துக்குப் போய்ப் பழம்பொருள் ஆராய்ச்சி படிக்கிறேன் என்ற பேச்சையே நீ எடுக்கவில்லை. நர்ஸ் படிப்புக்கு விண்ணப்பம் போட்டாய், அப்புறம் உலகத்தின் அந்தக் கோடிக்கே போய்விட்டாய். இந்தப் பதினேழு வருஷமும் நீயாக அதைப் பற்றி ஒரு சொல் கேட்டதில்லை, நானும் அதைச் சாக்காக வைத்துக்கொண்டு வாயைத் திறக்கவில்லை.

இந்தச் செப்டம்பரில் அர்மெல் வாள்களைக் காட்டிய ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் ஒக்தாவ் தன் கடையில், "என்னய்யா அன்செல்ம், ஊர் வாளெல்லாம் கும்பிட்டுக் கிடக்கு, உன் சுவத்துல இருக்கிறது மட்டும் உன்னை மாதிரியே விறைப்பா நிக்குது" என்று கிண்டல் செய்தான். அவன் எதையும் மனதில் வைத்துச் சொல்லவில்லை. ஆனால் எனக்கு ஒரு கெட்ட யோசனை வந்தது. மறுநாள் காலை அம்மா சந்தைக்குப் போனதும் உலையை மூட்டினேன். அதை மறுபடி மடக்கி, பரணில் கிடந்தது என்று சொல்லி அர்மெல்லிடம் கொடுத்துவிடலாம், நீ சொன்னதும் உண்மையாகிவிடும், நானும் தப்பிவிடுவேன். வாள் சிவந்தது, குறட்டால் பிடித்து அடைகல்லில் வைத்தேன், சுத்தியலை ஓங்கினேன். எந்தப் பக்கம் மடக்குவது என்று தெரியவில்லை. முனை உள்ளே போயிருந்ததா வெளியே நின்றதா, இரண்டு மடிப்பா மூன்றா, எதுவுமே நினைவில்லை. நீ மூன்று நாள் உட்கார்ந்து பார்த்த பொருளை நான் பார்க்கவே இல்லை மகளே, கையில் எடுத்ததும் நேராக்கத்தான் தெரிந்தது. இரும்பு கறுத்து ஆறும்வரை அப்படியே நின்றேன்.

பிறகு அதைச் சாக்கில் சுற்றிக்கொண்டு போய் அர்மெல்லிடம் எல்லாவற்றையும் சொன்னேன், நெருப்பில் வைத்தது, உறையை எறிந்தது, பெரியவரிடம் பொய் சொன்னது, அன்று காலை செய்யப் பார்த்தது உட்பட. அவள் திட்டுவாள் என்று காத்திருந்தேன். வாளைப் புரட்டிப் பார்த்தாள், மூன்று இடத்தில் விரிசல் இருந்தது, விரலால் தடவினாள். "உங்க பொண்ணு வரைஞ்ச நோட்டு இருக்கா? இப்ப இந்த இரும்பைவிட அதுக்குத்தான் மதிப்பு" என்றாள். "இந்த இடத்தை முதல்ல கண்டுபிடிச்சது உங்க பொண்ணுதான், நாங்க பதினேழு வருஷம் லேட்டு" என்றும் சொன்னாள். அதைக் கேட்டு நான் அந்தச் சேற்றிலேயே உட்கார்ந்துவிட்டேன், அவள் எனக்கு உடம்புக்கு முடியவில்லை என்று நினைத்துத் தண்ணீர் கொண்டுவரச் சொன்னாள்.

பெரியவர் போய்ச் சேர்ந்துவிட்டார், கஸ்தோனும் இல்லை, நான் பொய் சொன்னதைக் கேட்டவர்களில் உன்னை விட்டால் மிச்சம் ஒக்தாவும் உன் அம்மாவும்தான். ஆகவே மறுநாள் கடை நிறைய ஆள் இருக்கும்போது எழுந்து நின்று, என் மகள் அன்று சொன்னது அத்தனையும் நிஜம், பொய் சொன்னவன் நான் என்று சொன்னேன். யாரும் சிரிக்கவில்லை. ஒக்தாவ் மேசையைத் துடைத்துக்கொண்டே, "அந்தப் பொண்ணு காதுல விழாம எங்ககிட்ட சொல்லி என்னய்யா பிரயோசனம்?" என்றான். அவன் சொன்னது சரி என்று பட்டது, அதனால்தான் இந்தக் கடிதம். மன்னித்துவிடு என்று எழுதக் கை வருகிறது, நீ உடனே அப்பா பரவாயில்லை என்று எழுதிவிடுவாய், அது உன் சுபாவம். அப்படி எழுதாதே. கோபம் இருந்தால் கோபத்தோடேயே எழுது.

சின்னவளுக்கு அம்மா பின்னிய ஸ்வெட்டர் தனியாக வருகிறது, அங்கே ஸ்வெட்டர் எதற்கு என்று சொன்னால் கேட்கிறாளா. மாப்பிள்ளைக்கு என் அன்பைச் சொல். நீங்கள் மூவரும் ஒரு குறையும் இல்லாமல் நீண்ட நாள் வாழ வேண்டும். மறக்காமல் ஒன்று செய், அந்த நீல நோட்டு உன்னிடம் இருந்தால் தேடிப் பார். கிழித்துப் போட்டிருந்தால் அதற்கும் காரணம் நான்தான், அப்போது நினைவிலிருந்து எழுது, வாள் எந்தப் பக்கம் மடங்கியிருந்தது என்று மட்டும். நான் அதை இனித் தொட மாட்டேன், அது அர்மெல்லிடம் இருக்கிறது. மியூசியத்தில் வைக்கப்போகும் அட்டையில், கண்டெடுத்தவர் நோயெமி வாசேர் என்று எழுதியாயிற்று, நேராக்கிக் கெடுத்தவர் அவர் தந்தை என்று அதற்குக் கீழே எழுதச் சொன்னேன், அப்படி வழக்கமில்லை என்றாள், எழுதியே ஆக வேண்டும் என்று நின்று எழுத வைத்தேன். மடிப்பு இருந்த விதம் என்ற இடத்தை மட்டும் காலியாக விட்டிருக்கிறாள். அவள் என்னைத்தான் கேட்டாள், என் வாயிலிருந்து வருவதை எழுத வேண்டாம், என் மகள் சொல்வதை எழுதுங்கள் என்று சொல்லிவிட்டு வந்திருக்கிறேன்.

உன் பதிலுக்குக் காத்திருக்கும் அப்பா,
அன்செல்ம் வாசேர்